மேலே எதையும் வைக்கக் கூடாத புத்தகம்

"ஏன் புள்ள, ஒரே தலைக்குள்ள கம்ப்யூட்டரும் வேதமும் எப்படிக் குடியிருக்கும்?"

பைண்டிங் கடை அப்துல் மஜீத் தன் மனைவி நிலோஃபரிடம் இப்படிக் கேட்டார். பேராசிரியர் ஞானசிகாமணி எழுதிய இரண்டு தடித்த புத்தகங்கள் பசை காயாமல் அவள் முன்னே கிடந்தன. ஒன்று கம்ப்யூட்டர் பற்றி, மற்றது பைபிள் பற்றி. இரண்டும் இங்கிலீஷ். ஒரு மனிதர் இவ்வளவு எழுதுவாரா என்று அவள் தொட்டுத் தொட்டுப் பார்த்தாள்.

"இது நல்லா அமைஞ்சா காலேஜ் பைண்டிங் பூரா நமக்குத்தான். இல்லீன்னா கடையை மூடிப்போட்டு, பொள்ளாச்சியில உங்கண்ணன் தேங்கா மண்டிக்குத்தான் போகோணும். ரெண்டையும் அட்டை வளையாம கல்லுக்கு அடியில வெச்சிரு. நாளைக்குக் காலைல சார் வருவாரு."

சொல்லிவிட்டு மஜீத் ஒரு கல்யாணத்துக்காக கோபிசெட்டிபாளையம் பஸ் ஏறிவிட்டார்.

நிலோஃபர் இங்கிலீஷ் வருவதற்கு முன்பே பள்ளிக்கூடத்தை விட்டவள். ஆனால் படம் புரியுமே! ஒரு புத்தகத்தின் முதல் பக்கத்தில் ஒரு மரம். வேர் மேலே, கிளைகள் கீழே. வானத்தில் வேர்விட்ட மரம்! இதுதான் வேதம். மற்றதில் கட்டம் கட்டமாக எழுத்து, கட்டத்துக்குக் கட்டம் கோடு. அது மிஷின் சமாச்சாரம்.

யாருடைய வேதமானாலும் அதன்மேல் எதையும் வைக்கக் கூடாது என்பது அவள் வீட்டு வழக்கம். கட்டப் புத்தகத்தைக் கல்லுக்கு அடியில் வைத்தாள். மரப் புத்தகத்தை உயரமான அலமாரியில் வைத்தாள்.

காலையில் மரத்தின் அட்டை அப்பளமாக வளைந்திருந்தது. தகரக் கூரையில் வெயிலுக்குப் போட்டாள். மறுபக்கம் வளைந்தது. சுவரோரம் நிமிர்த்தி, கல்லை எடுத்து வந்து பக்கவாட்டில் சாய்த்தாள். பக்கத்தில் வைத்தால் குற்றமில்லையே! கல் சரிந்து இரண்டாகப் பிளந்தது.

இப்போது கட்டமும் வளையத் தொடங்கியது. அதன்மேல் ஒரு பலகையைப் போட்டு உட்கார்ந்தாள். மரத்தை இரண்டு கையாலும் நெஞ்சோடு இறுக்கிக்கொண்டாள்.

அப்போதுதான் பேராசிரியர் வந்தார். பின்னால் காலேஜ் அட்டெண்டர் சின்னான், பெரிய மூட்டையோடு.

"எந்திரிக்க முடியாதுங்க சார், மன்னிச்சுக்குங்க. கட்டம் போட்ட கம்ப்யூட்டரு வளைஞ்சு போயிருமுங்க."

"இதை ஏம்மா கட்டிப் புடிச்சிட்டிருக்கீங்க?"

"மரம் போட்ட வேதமுங்களே சார்! அது மேல எதையும் வெக்க மனசு வருலீங்க. நெஞ்சுல வெச்சு அழுத்துனாத் தப்பில்லீங்களே?"

பேராசிரியர் அவள் அணைத்திருந்ததைப் பார்த்தார். அவள் உட்கார்ந்திருந்த பலகையைப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு சின்னானிடமிருந்து மூட்டையை வாங்கினார். பைண்டிங்குக்கு வந்த காலேஜ் புத்தகங்கள் அத்தனையும் அதில் இருந்தன. அதை அவளருகே மெல்ல வைத்துவிட்டுப் படியிறங்கிப் போனார்.

"ஏனுங்கண்ணா, வேலையைக் குடுத்துப்போட்டு சார் ஒண்ணுமே சொல்லாம போறாரு?"

சின்னான் தலையைச் சொறிந்தான்.

"எப்படிச் சொல்லுவாருங்க அம்மணி? மரம் கம்ப்யூட்டரு கணக்குங்க, அதுல வேரை மேலதான் வரைவாங்களாமா. கட்டம் கட்டமா இருந்தது ஆதாமோட வம்சாவளிங்க. நீங்க உக்காந்திருக்கறதுதான் வேதமுங்க."