தளம்பல் கலண்டரும் கமீலாவின் பாரை மீனும்

கல்முனைக் கடற்கரையில் அந்த வருடம் செவ்வாய்க்கிழமை வாரத்துக்கு இரண்டு தரம் வந்தது. திங்கட்கிழமை சில வாரம் வரவே இல்லை. நம்பாதவர்கள், நேரத்துக்கே வைத்தியம் பார்ப்பதாகச் சொன்ன 'நேர டொக்டர்' அஸ்கியின் தளம்பல் கலண்டரைப் புரட்டிப் பார்க்கலாம். அது தொங்காத வீடு அந்தப் பக்கம் இல்லை.

சுனாமியில் கடல் பொங்கிய அன்று பூமி ஓர் உலுக்கு உலுக்குப்பட்டதாம். அதில் நேரத்தின் ஆணி கழன்றுவிட்டதாம். அன்றிலிருந்து ஒரு நாள் இழுபடுகிறதாம், இன்னொரு நாள் சுருங்குகிறதாம். வேறு ஊரில் போய்ச் சொல்லியிருந்தால் சிரித்திருப்பார்கள். இது அந்தக் கடலுக்குப் பிள்ளைகளைக் கொடுத்த ஊர். அன்றைக்கு ஏதோ கழன்றது என்று யாராவது சொன்னால் இங்கே தலை தானாக ஆடும். அதைத் தெரிந்துவைத்திருந்ததுதான் டொக்டர் அஸ்கி படித்த ஒரே படிப்பு.

கலண்டரில் நாட்களுக்கு மூன்று நிறம். நீட்டு நாளில் வீட்டுக்கு அத்திவாரம் போடலாம். சுருக்கு நாளில் பெண் பார்க்கப் போகக் கூடாது. கிழிசல் நாளில் ஒன்றுமே செய்யக் கூடாது, கலண்டர் மட்டும் வாங்கலாம். பாங்கு சொல்லும் நேரம் மட்டும் தளம்பாதாம். அதில் கை வைத்தால் தன் முதுகு தளம்பும் என்பது டொக்டருக்குத் தெரியும்.

டொக்டரின் முதல் பக்தர் மீராசாஹிபு. அவர் மகளின் கலியாணத்துக்கு வெளியூர் மாப்பிள்ளை வீட்டார் வழமையான கலண்டரைப் பார்த்து வந்து இறங்கினார்கள். பெண் வீட்டில் அடுப்பே மூட்டியிருக்கவில்லை. தளம்பல் கலண்டர்ப்படி கலியாணம் மறுநாள். வந்தவர்களுக்கு பிஸ்கட்டும் சோடாவும் கொடுத்துவிட்டு மீராசாஹிபு அயலாரிடம் சொன்னார்: "அவங்கதான் அவசரப்பட்டு நேத்தைக்குள்ள வந்துட்டாங்க."

கலண்டரை விடப் பெரிய அற்புதம் டொக்டர் வீட்டு நிற்கும் அறை. அதற்குள் நேரம் அசையாதாம், அதனால் நோயும் வளராதாம். வாசலில் ஒரு பனையோலைக் கூடை. மணிக்கூடு, போன் எல்லாவற்றையும் அதில் போட்டுவிட்டுத்தான் உள்ளே போகவேண்டும். கூடவே வேறொன்றையும் கழற்றிப் போட்டவர்கள் திரும்பும்போது அதை எடுக்க மறந்தார்கள். உள்ளே சுவரில் ஒரு மணிக்கூடு. முள் நின்ற இடத்திலேயே துடிக்கும். பற்றரி சாகக் கிடந்தால் யார் வீட்டு மணிக்கூட்டிலும் முள் அப்படித்தான் துடிக்கும். அங்கே ஏசியும் அத்தர் வாசமும் சேர்ந்ததால் அதற்கு அற்புதம் என்று பெயர் மாறிவிட்டது. பள்ளிவாசலுக்கும் கோயிலுக்கும் வேறு வேறு பாதையில் போகிற சனம் ஒரே வரிசையில் நின்றது அந்த வாசலில்தான்.

கமீலா அதையெல்லாம் கண்டுகொண்டிருக்கமாட்டாள். அவளுக்கு இருந்த கவலை புருசனின் கால். ஸைனுலாப்தீன் ஹாட்வெயார் கடைக்காரர், நீரிழிவு என்கிற சீனி வருத்தக்காரர். தன் கடை ஆணியே உள்ளங்காலில் ஏறியது. புண் ஆறவில்லை. ஆஸ்பத்திரி வார்டில் தங்கச் சொன்னார்கள், பிந்தினால் கால் போகும் என்றும் சொன்னார்கள். கத்திக்குப் பயந்த மனிதர் நிற்கும் அறைக்குப் போய்க் குந்திவிட்டார்.

"இஞ்சருங்க, கால் கறுத்துக்கொண்டு வருது. ஆஸ்பத்திரிக்குப் போவம்."

"சும்மா இரி புள்ள. அறைக்குள்ள புண்ணுக்கு நேரம் ஓடுறல்ல."

"அப்ப ஏன் மணக்குது?"

"அது வெளிய வந்தாப்பொறகு மணக்குற."

"பசிக்கு மட்டும் அங்கயும் நேரம் ஓடுதாக்கும். வந்த கையோட ரெண்டு கோப்ப சோறு இறங்குதே."

அவர் மறுபக்கம் திரும்பிப் படுத்தார். கமீலா அந்தக் காலை மெல்லத் தூக்கித் தலையணையில் வைத்தாள்.

காலையில் அவளும் வரிசைக்கு வந்தாள். கதிர்காமன் மோட்டார் சைக்கிளில் மீன்பெட்டி கட்டி அங்கேதான் விற்றுக்கொண்டு நின்றான். சனம் சேருகிற இடத்தில் அவனுக்கு என்ன நட்டம்? கமீலா ஒரு பாரை மீனைத் தூக்கினாள்.

"குடல எடுத்துக் கழுவித் தா தம்பி."

"குழம்புக்கா அக்கா?"

"மருந்துக்கு."

பின்னால் நின்ற பெண்கள் சிரித்தார்கள். கதிர்காமன் அவர்கள் பார்க்கவே வயிற்றைக் கீறிக் குடலைக் காகத்துக்கு எறிந்தான். கமீலா மீனை ஒரு தட்டில், கீறிய பக்கம் கீழே இருக்க வைத்து, டொக்டரின் முன்னால் நீட்டினாள்.

"எங்கட ஊட்டுக்காரர் கால் வைக்கிற இடத்தில இதையும் வைங்க டொக்டர். நாளைக்குக் காலம வந்து எடுக்கிறன்."

"உம்மா, அது மனிசருக்கான அறை."

"மீனுக்கு நேரம் வேற மாதிரி ஓடுமா?"

டொக்டர் வாயைத் திறக்குமுன் மீராசாஹிபு முந்திக்கொண்டார். "வைங்க டொக்டர். இவட வாய அடைக்க இத விட நல்ல சந்தர்ப்பம் வராது."

பக்தன் குழி வெட்டிக் கொடுத்தால் குரு என்ன செய்வார்? எல்லாரும் பார்க்க அறையைப் பூட்டினார். அன்று உள்ளே மீன் மட்டும்தான். சாவி டொக்டரின் சட்டைப் பையில்.

மறுநாள் சனம் இரட்டித்தது. கதவு திறந்தது. தட்டில் பாரை கண் மின்னக் கிடந்தது. ஒரு பக்கம் மாஷா அல்லாஹ், மறுபக்கம் கும்பிடு. ஸைனுலாப்தீன் நொண்டிக்கொண்டு முன்னால் வந்தார்.

"இப்ப என்ன சொல்லப்போறாய்?"

கமீலா மீனைப் புரட்டிப் பார்த்தாள். வயிறு முழுசாக இருந்தது.

"தம்பி கதிர்காமன், நேத்து நீ கீறின மீன் இதுதானா?"

அவன் கத்தியோடு வந்து பார்த்தான். "நான் கீறினதுக்கு வயிறு எங்கயிருந்து வந்தது அக்கா?" ஒரு கீறு கீறினான். குடல் தட்டில் சரிந்தது.

சனம் தட்டைப் பார்க்க நெருக்கியடித்தது. மீராசாஹிபு மட்டும் விடவில்லை. "நேரம் நிண்டதோட விடாம பின்னுக்கும் போயிரிக்கும். அதான் குடல் திரும்பி வந்திரிக்கி."

"அப்ப இன்னும் ஒரு நாள் வெச்சிருந்தா முட்டையாத்தான் எடுத்திருப்பம் காக்கா," என்றாள் கமீலா. "டொக்டரும் நாள் முழுக்க அதுக்குள்ளதானே இரிக்கார். அவர்ர வழுக்கத் தலைக்கு ஒரு மயிரும் திரும்பி வரல்லயே."

யாரோ ஒரு பெண் முதலில் சிரித்தாள். அதன்பிறகு அடக்க முடியவில்லை. அந்தச் சிரிப்புக்கு நடுவில் வீட்டுக்குப் பின்னால் பூனைகள் சண்டை பிடிக்கும் சத்தம். கதிர்காமன் போய் அவை இழுபறிப்பட்டதைப் பறித்து ஒரு தடியில் கோத்துக்கொண்டு வந்தான். கீறிய வயிறு, கலங்கிய கண், நேற்றைய பாரை. மூக்கைப் பொத்தாதவர் இல்லை.

"இண்டைக்குக் கிழிசல் நாள்," என்று தொடங்கிய டொக்டர், தன் சட்டை கிழியப் போவதைக் கண்டு பின்கதவால் பாய்ந்தார். செருப்பு முன்வாசலில் கிடந்தது.

கமீலா அந்தத் தடியை வாங்கிப் புருசனின் மூக்குக்கு நேரே பிடித்தாள்.

"மணந்து பாருங்க. உங்கட கால் இருந்த அதே அறையிலதான் இதுவும் இருந்த."

ஸைனுலாப்தீன் மீனைப் பார்த்தார். காலைப் பார்த்தார். பிறகு கூடைக்குள் கைவிட்டுத் தேடினார். அன்று காலை போட்ட போன் அங்கே கிடந்தது. ஓட்டோவுக்கு அவரே அழைத்தார்.

ஒரு விரல் போயிற்று. கால் மிஞ்சியது. நேரம் இன்னும் கொஞ்ச நாள் 'நின்றிருந்தால்' முழங்காலோடு எடுக்கவேண்டி வந்திருக்கும் என்றார் ஆஸ்பத்திரி டொக்டர். அவருடைய மணிக்கூட்டில் முள் ஓடிக்கொண்டிருந்தது.

அஸ்கி போன திசை தெரியாது. எங்காவது ஒரு ஊருக்கு இப்போது காற்றின் ஆணி கழன்றிருக்கும். கூடை மட்டும் அந்த வாசலில் இன்னும் கிடக்கிறது. போனையும் மணிக்கூட்டையும் அன்றைக்கே ஆளாளுக்கு எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். மிச்சம் கிடப்பது யாருடையதோ, வந்து எடுத்துத் தலைக்குள் வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த டொக்டர் வரும்போது தேவைப்படும்.