ஒத்துவராத லைப்ரரி

"போட்டோ எதுவும் வரலைங்க" என்று கைப்பேசியை நீட்டினாள் மனைவி. "சுத்திக்கிட்டே இருக்கு."

கண்ணாடிக்கடைக்காரர் அப்போதுதான் சாய்வு நாற்காலியில் சாய்ந்திருந்தார். வாரம் முழுக்க ஊரார் கண்களைச் சோதிக்கிறவர். ஞாயிற்றுக்கிழமை மதியமாவது தன் கண்ணுக்கு ஓய்வு கொடுக்கலாம் என்பது அவருடைய ஒரே ஆசை.

"இப்பவே பாக்கறேன்."

"அவசரமில்ல. மெதுவா பாருங்க."

அந்த 'மெதுவா'தான் அவரை எழுப்பிவிட்டது. திட்டியிருந்தால் படுத்தே இருந்திருப்பார்.

"நம்ம குடும்பப் படமெல்லாம் எவனோ ஒரு கம்பெனிக்காரன் கம்ப்யூட்டர்ல எதுக்கு இருக்கணும்?" என்று ஒருநாள் வீராப்பாகக் கிளம்பி, படுக்கையறை அலமாரியின் அடித்தட்டில் ஒரு பழைய கம்ப்யூட்டரை வைத்து, சொந்தமாக சர்வர் தொடங்கியவர் அவர். படங்கள், வாங்கவேண்டிய சாமான் பட்டியல், நாள்காட்டி எல்லாம் அதில்தான். சில மாதங்களிலேயே அலுத்துப்போனது. ஆனால் புலிவாலைப் பிடித்தாயிற்றே. தினமும் மாமனார் உட்படக் குடும்பத்தில் யாராவது அதைத் திறந்து பார்த்துவிடுகிறார்கள். இத்தனை நம்பிக்கை வைத்திருப்பவர்களிடம், எனக்கு முடியவில்லை, மூடிவிடுகிறேன் என்று எந்த முகத்தோடு சொல்வது?

அலமாரி முன் தரையில் உட்கார்ந்து தேடினார். கொஞ்ச நேரத்தில் குற்றவாளி அகப்பட்டது.

"லைப்ரரி மாறிடுச்சு" என்றார்.

மூத்த மகள் எட்டிப் பார்த்தாள். "எந்த லைப்ரரிப்பா?"

"புத்தகம் இல்லம்மா. எவனோ எழுதி வெச்ச பைலு. நம்ம புரோகிராம் எல்லாம் அது முதுகுல ஏறித்தான் ஓடுது. ராத்திரியோட ராத்திரியா அவன் அதை மாத்திட்டான்."

"யாருப்பா அவன்?"

"யாருக்குத் தெரியும்? எங்கயோ நல்லாத் தூங்கிட்டிருப்பான்."

பழைய லைப்ரரியைத் திரும்பப் போட்டார். படங்கள் வந்தன, சாமான் பட்டியல் போய்விட்டது. அதற்குப் புதியதுதான் வேண்டுமாம். சரி என்று இரண்டையும் சேர்த்து வைத்தார். ஒரே அடுப்பில் சமைக்க மாட்டோம் என்று இரண்டும் முறுக்கிக்கொண்டதில், சிவனே என்று கிடந்த நாள்காட்டியும் விழுந்தது. ஆளுக்கொரு தனிக்குடித்தனம் வைத்துக் கொடுத்தார். அதில் வட்டு நிரம்பி, பெட்டியே மூச்சு நின்றுபோனது. வீட்டு இணையத்துக்கு வழிகாட்டுவதும் அதே பெட்டிதான்.

"அப்பா, நெட்டு போயிடுச்சு" என்றாள் இளைய மகள், கதவோரம் நின்று. "பரவாயில்ல. நான் படிக்கிறேன்."

படிக்கிறாளாம். அவர் விசைப்பலகையை இன்னும் வேகமாகத் தட்டினார்.

"முதுகு வலிக்கப் போகுது, தலகாணி வெச்சுக்குங்க" என்று மனைவி ஒரு தலையணையைக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனாள். கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய வீட்டில், இப்படிப் பொறுமையான மனிதர்கள் யாருக்குக் கிடைப்பார்கள்?

ஒருவழியாக இணையம் மட்டும் உயிர்பெற்றது. அதற்குள் சன்னலில் வெயில் இறங்கிவிட்டது. தூக்கமும் போயிற்று, ஞாயிறும் போயிற்று. விடிந்தால் கடை.

"போதும்டா சாமி, மூடிடலாம்" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு மின்சுவிட்சில் கையை வைத்தார். நேற்றும் திறந்து பார்த்திருக்கிறார்கள், முந்தாநாளும் பார்த்திருக்கிறார்கள் என்பது நினைவுக்கு வந்தது. மனசு கேட்கவில்லை. தன்னை நம்பும் நாலு பேரை ஏமாற்றிவிட்டு வருகிற தூக்கம் என்ன தூக்கம்? பெருமூச்சோடு தலையணையை முதுகுக்குக் கொடுத்து, எல்லாவற்றையும் அழித்து, முதலிலிருந்து ஆரம்பித்தார்.

மனைவி மாடியில் துணி எடுக்கப் போயிருந்தாள். கட்டில்மேல் கிடந்த அவள் கைப்பேசி அடித்தது. வெளியூரில் இருக்கும் மாமனார். எடுத்துக் காதில் வைத்தார். எதிரே யார் என்று கேட்டுவிட்டுப் பேசும் பழக்கம் மாமனாருக்குக் கிடையாது.

"ஏம்மா, மத்தியானம் உன் முறை, சாயங்காலம் என் முறைன்னுதானே பேச்சு? மாப்பிள்ளையோட பெட்டி திறக்கவே மாட்டேங்குதே. யாரும் பாக்கலன்னா மனுஷன் ஒடிஞ்சு போயிடுவாரு, பாவம்... நாளைக்கு வேணா நான் ரெண்டு தடவையா திறந்துடட்டுமா?"