சக்கையோடு வந்த ஆள்

"ஞாயித்துக்கெழம பொண்ணு பாக்க வருகாவ. அதுக்கு முன்ன அக்கம்பக்கத்துல விசாரிப்பாவ" என்று கல்யாணத் தரகர் நேசபாய் போனில் சொன்னதும் ஜான்ரோஸுக்கு வியர்த்தது.

மகள் ஷைஜாவுக்கு ஏற்கெனவே இரண்டு சம்பந்தம் விசாரிப்பில் தட்டிப்போயிருந்தது. யாரிடம் கேட்டாலும், அந்த வீட்டுக்காரரைத் தெரியாது என்றே சொல்லியிருந்தார்கள்.

தெருவைச் சொல்லிக் குற்றமில்லை. குலசேகரத்துக்கு வெளியே ரப்பர் மரங்களை வெட்டி மனை போட்ட ஏதேன் நகரில், ஆதாம் ஏவாளே வந்தாலும் ஆதார் கேட்பார்கள். வீட்டுக்கு வீடு மதில், மதில்மேல் கண்ணாடிச் சில்லு, அதற்கும் மேலே கேமரா. இருப்பதிலேயே உயரமான மதில் ஜான்ரோஸுடையது. அயலார் தொல்லை இல்லை என்று இத்தனை வருடம் பெருமை பேசியவர்.

"மாப்பிள்ளைக்கு வீடு எங்க, நேசபாயி?"

"அத மட்டும் கேக்கப்பிடாது அண்ணே. சொன்னா நீங்க நேரா பேசி முடிச்சிருவிய. நான் வெளிய நிக்கணும்."

ஜான்ரோஸ் ஊரோடு பழகப் புறப்பட்டார். முதல் வீட்டில் கேட்டைத் திறக்காமலே இன்சூரன்ஸ் வேண்டாம் என்று அனுப்பிவிட்டார்கள்.

"வெறுங்கைய வீசிட்டுப் போனா எவன் மதிப்பான்? சக்க கொண்டு போங்க" என்றாள் மனைவி ராகேல், முற்றத்துப் பலாமரத்தைக் காட்டி.

மறுநாள் வருக்கைச் சக்கை ஒன்றைச் சாக்கில் கட்டிச் சுமந்தார். பக்கத்து வீட்டம்மா ஜன்னல் வழியாக விலை கேட்டாள். சும்மாதான் என்றதும் ஜன்னலைச் சாத்திக்கொண்டாள்.

சக்கைக்குள் என்ன இருக்கிறதோ என்ற பயமாக இருக்கும். கண்முன்னால் வெட்டிக் கொடுத்தால் தீர்ந்தது என்று ஜான்ரோஸ் முடிவுகட்டினார். சனிக்கிழமை சாக்கோடு வெட்டுக்கத்தியும் போனது. மழை தூறியதால் தலையில் துண்டை முக்காடு போட்டிருந்தார். பின்தெருவில் பச்சைக் கேட் போட்ட வீட்டில் மணியடித்து, கேமராவைப் பார்த்து வாய்நிறையச் சிரித்தார். வந்த காரியம் புரியட்டும் என்று கத்தியை உயர்த்திக் காட்டினார்.

உள்ளே ஒவ்வொரு கதவாகத் தாழ்ப்பாள் விழுந்தது.

ஞாயிற்றுக்கிழமை ராகேல் முந்திரிக்கொத்து சுட்டு அடுக்கியிருந்தாள். ஷைஜா பட்டுச்சேலையில் வியர்த்துக்கொண்டிருந்தாள். சாயங்காலம்வரை ஒரு வண்டியும் வரவில்லை. போன்தான் வந்தது.

"அண்ணே, அவிய இன்னிக்கு வரமாட்டாவ."

"விசாரிச்சாவளா? எவன் என்ன சொன்னான்?"

"ஒருத்தரும் ஒண்ணும் சொல்லல்ல. அவிய வீட்டப் பூட்டிட்டு வெளிய எறங்கவே பயப்படுகாவ. நேத்து அவிய பச்சக் கேட்டுல எவனோ முக்காடு போட்டுக்கிட்டு, சக்கையும் வெட்டுக்கத்தியுமா நின்னு சிரிச்சானாம்."