பதினான்கு மாதமாக நான் பார்த்த ரப்பர்

பெருமதிப்புக்குரிய சம்பந்தி அவர்களுக்கு,

பணிவான வணக்கம். இங்கே நானும் என் மனைவியும் நலம். உங்கள் மகனும் எங்கள் மகளும் நலம் என்று நேற்று போனில் சொன்னார்கள். இத்துடன் எங்கள் பக்கத்தில் நலமாக இருப்பவர்களின் பட்டியல் முடிந்தது. அங்கே உங்கள் இடது முழங்காலும், அதோடு மல்லுக்கட்டும் சம்பந்தி அம்மாளும் சௌகரியமாக இருப்பார்கள் என்று நம்புகிறேன்.

மாதம் பிறந்தால் என் வண்டி அறிக்கை உங்களுக்கு வந்துவிடும். இந்த மாதம் வரவில்லை. தபால்காரர் மேல் பழியைப் போடலாமா என்று இரண்டு நாள் யோசித்தேன். ஆனால் வருகிற ஞாயிற்றுக்கிழமை நீங்கள் வருகிறீர்கள், வந்ததும் வண்டியில் ஒரு சுற்றுப் போக வேண்டும் என்று வேறு எழுதியிருக்கிறீர்கள். முகத்துக்கு நேரே சொல்ல எனக்குத் தெம்பு இல்லை. அதனால் உண்மையை முன்கூட்டியே தபாலில் அனுப்பிவிடுகிறேன். நின்றுகொண்டு படிக்காதீர்கள். முழங்காலுக்கு ஆகாது.

பதினாறு வருடம் கண்ணுக்குக் கண்ணாக வைத்திருந்த வண்டியை, இனி கிளட்சை மிதிக்க முடியாது என்று ஆனதும் விற்காமல் என்னிடம் கொடுத்தீர்கள். தொழிற்சாலையில் தரப் பரிசோதகராக இருந்தவர் கொடுக்கிற வண்டி எப்படி இருக்கும் என்று அன்றைக்குத்தான் பார்த்தேன். டிக்கியில் இருந்த ஜாக்கியைக்கூட ஆடாமல் கம்பி போட்டுக் கட்டி, கம்பியின் நுனி யார் கையையும் குத்தக் கூடாது என்று இரண்டு முறுக்கு முறுக்கி உள்பக்கமாக மடித்துத் தட்டி வைத்திருந்தீர்கள். சாவியைக் கையில் வைத்து, "ஒரு குறையும் கிடையாது சம்பந்தி. மாசம் ஒரு தடவை மட்டும் கீழ படுத்து, முன் சக்கரத்துக்குப் பின்னால இருக்கற மடிப்பு ரப்பரைப் பாத்து எனக்கு ரெண்டு வரி எழுதுங்க" என்றீர்கள். இன்ஜினின் பலத்தைச் சக்கரத்துக்குக் கொண்டுபோகிற தண்டு ஒன்று உண்டு, அதன் நுனியில் ஜாயிண்ட், அதற்குள் உருண்டைகள், உருண்டைகளைச் சுற்றிக் கிரீஸ், கிரீஸ் வெளியே போகாமல் மேலே ரப்பர் உறை, அது கிழிந்தால் கிரீஸ் போய் மண் புகுந்து ஜாயிண்ட் அவ்வளவுதான் என்று காபி டம்ளரையும் பேனாவையும் வைத்து விளக்கினீர்கள். நான் தலையாட்டினேன். முப்பத்தோரு வருடம் ஆபீசில் தலையாட்டிய பழக்கம், சும்மா விடுமா?

ஆனால் ஒன்று சொல்லிவிடுகிறேன், நான் ஏமாற்றவில்லை. மாதம் தவறாமல் ஒன்றாம் தேதி காலையில் வாசலில் பாயை விரித்து, டார்ச் லைட்டோடு வண்டிக்கு அடியில் போனேன். படுப்பது என் வேலை, எழுப்புவது என் மனைவி வேலை. முதலில் கையைப் பிடித்து இழுத்தாள், மூன்றாம் மாதத்திலிருந்து ஒரு நாற்காலியைக் கொண்டுவந்து போட்டு, அதைப் பிடித்துக்கொண்டு எழுந்திருக்கும்படி சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். எதிர்வீட்டுக்காரர் வாக்கிங் போகிறபோது என் கால்கள் மட்டும் வெளியே நீட்டிக்கொண்டிருப்பதைப் பார்த்து, "சார், இருக்கீங்களா?" என்று கேட்டுவிட்டுத்தான் தாண்டுவார். மழைக்காலத்தில்கூட நான் விடவில்லை. பழைய வேட்டியைக் கிழித்து அந்த மடிப்பு ரப்பரை மடிப்பு மடிப்பாகத் துடைத்தேன். சக்கரத்தின் உள்பக்கத்தில் கறுப்பாகப் பிசுபிசுவென்று ஏதோ தெறித்திருக்கும், புதிதாகப் போட்ட ரோட்டின் தார் என்று நினைத்து அதையும் மண்ணெண்ணெய் போட்டுத் துடைத்துவிடுவேன். பிறகு கையைக் கழுவிக்கொண்டு வந்து, "ரப்பர் பரிசோதிக்கப்பட்டது, இரு பக்கமும் நன்றாக உள்ளது" என்று உங்களுக்கு எழுதுவேன்.

உங்கள் பதில்கள் எல்லாம் பத்திரமாக இருக்கின்றன. "அப்படியா? இடப்பக்கமுமா?" என்று முதல் மாதம் கேட்டிருந்தீர்கள். "மடிப்பு எல்லாவற்றையும் பார்த்தீர்களா, நடுவில் ஒன்றும் தென்படவில்லையா?" என்று அடுத்த மாதம். ஆறாவது மாதம், "ஆண்டவன் கருணை. அன்றிரவு நன்றாகத் தூங்கினேன்" என்று எழுதினீர்கள். ஒரு ரப்பர் நன்றாக இருப்பதற்கு இவ்வளவு பெரிய நன்றியா என்று என் மனைவி கேட்டாள். பொருளை மதிக்கிற மனுஷன் அப்படித்தான் இருப்பார், உனக்குப் புரியாது என்று சொன்னேன்.

பத்தாவது மாதத்தில் சத்தம் வந்தது. நேராகப் போனால் ஒன்றுமில்லை, இடப்பக்கம் திரும்பினாலும் ஒன்றுமில்லை, வலப்பக்கம் திரும்பினால் மட்டும் டக் டக் டக் என்று யாரோ நாக்கைத் தட்டி அங்கலாய்ப்பதுபோல ஒரு சத்தம். "என்னங்க, வண்டி ஏதோ சொல்லுது" என்றாள் மனைவி. "சம்பந்தி குடுத்த வண்டி, அது ஒண்ணும் சொல்லாது" என்று ரேடியோவைப் பெரிதாக வைத்தேன். ரேடியோவை மீறியும் கேட்க ஆரம்பித்ததும் வலப்பக்கம் திரும்புவதையே விட்டுவிட்டேன். நீங்கள் சிரிக்கலாம். மூன்று தடவை இடப்பக்கம் திரும்பினால் ஒரு தடவை வலப்பக்கம் திரும்பியதாகிவிடும். இந்தக் கணக்கில் நான்கு மாதம் ஊரைச் சுற்றினேன். எங்கள் தெருமுனையில் இருக்கிற மருந்துக்கடைக்குப் போக நூலகம், ரயில்வே கேட், சந்தை எல்லாவற்றையும் பார்த்துவிட்டு வருவேன். தலைவலி மாத்திரை வாங்கப் போய்த் தலைவலியோடு திரும்பிய நாட்கள் உண்டு. "முனையில இருக்கற கடைக்கு நடந்து போனா ரெண்டு நிமிஷம். இதுக்கு எதுக்கு ஊர்வலம்?" என்று மனைவி கேட்பாள். சத்தத்துக்காகத்தான் என்று சொல்ல முடியுமா? சொன்னால் உங்கள் வண்டியைக் குறை சொன்னதாகிவிடும். பெண்ணைக் கொடுத்த வீட்டில் வாங்கிய பொருளைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது.

கடைசியில் அவளே என்னை ஒரு மெக்கானிக்கிடம் கொண்டுபோனாள். அவரைப் பேட்டையில் 'காது' என்றுதான் கூப்பிடுகிறார்கள். வண்டியைத் தொடாமல், சத்தத்தைக் கேட்டே சொல்லிவிடுவாராம். காலி மைதானத்தில் ஸ்டியரிங்கை முழுக்க ஒடித்து வட்டமாக ஓட்டச் சொன்னார். இடப்பக்கம் நாலு வட்டம், வலப்பக்கம் நாலு வட்டம். நடுவில் அவர் கண்ணை மூடிக்கொண்டு நிற்கிறார், ஓரத்தில் என் மனைவி கைப்பையைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள், நான் இந்த இரண்டு பேரையும் சுற்றிச் சுற்றி வருகிறேன். கல்யாணமான நாளிலிருந்து செய்கிற வேலைதான் என்றாலும் தலை கிறுகிறுத்துவிட்டது. "போதும் சார். வலது பக்கம் திரும்பும்போது சத்தம் வருது. அப்ப எடது ஜாயிண்ட் போச்சு" என்றார். வலப்பக்கம் வலித்தால் இடப்பக்கத்தில் வியாதியா என்று கேட்டேன். "திரும்பும்போது வெளிப்பக்கச் சக்கரத்துக்குத்தான் சார் பாரம் ஜாஸ்தி. ரப்பர் கிழிஞ்சு கிரீஸ் போயிருக்கும். உடனே வேலைக்கு விடுங்க, இல்லன்னா நடுரோட்டுல நிக்கும்." எனக்கு வந்ததே கோபம். ரப்பர் நன்றாக இருக்கிறது என்று பதினான்கு கடிதம் எழுதியிருக்கிறேன், இவர் கண்ணை மூடிக்கொண்டு கிழிந்திருக்கிறது என்கிறார். "அந்த ரப்பரை என் கையால மாசாமாசம் துடைக்கிறேன்யா" என்று சொல்லிவிட்டு, மைதானத்திலிருந்து இடப்பக்கமாகவே வீட்டுக்கு வந்து சேர்ந்தேன்.

போன செவ்வாய்க்கிழமை அவர் சொன்னது நடந்தது. மனைவிக்குப் பல்வலி, கன்னம் இவ்வளவு வீங்கிவிட்டது. பல் டாக்டரிடம் போகிற வழியில், பெரிய சிக்னலில் இடப்பக்கம் குழாய்க்குப் பள்ளம் தோண்டித் தடுப்பு வைத்துவிட்டார்கள். வேறு வழியில்லாமல் வலப்பக்கம் ஒடித்தேன். டக் டக் என்றது கடகடவென்று மாறி, படார் என்று ஒன்று கேட்டது. அவ்வளவுதான். இன்ஜின் ஓடுகிறது, கியர் விழுகிறது, ஆக்சிலேட்டரை மிதித்தால் உறுமுகிறது, வண்டி மட்டும் நகரவில்லை. போக்குவரத்துக் காவலர் வந்து, "பெரியவரே, வண்டிய எடுங்க" என்றார். "எடுத்துட்டேன் ஐயா, அதுதான் வரமாட்டேங்குது" என்றேன். நாலு பக்கமும் ஹாரன். ஒரு கையால் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு மறு கையால் என் மனைவி வண்டியைத் தள்ளினாள். ஓரத்துக்கு வந்ததும் வாயைத் திறக்க முடியாமல் என்னைப் பார்த்தாள் பாருங்கள், பல் வலிக்காமல் இருந்திருந்தால் நல்லது என்று தோன்றியது. திட்டியிருந்தால் அது பத்து நிமிடத்தில் தீர்ந்திருக்கும்.

வண்டியைக் கட்டி இழுத்துக்கொண்டு அதே 'காது'விடம்தான் போனோம். அவர் ஒன்றும் குத்திக் காட்டவில்லை. வண்டியைத் தன் ஷெட்டுப் பள்ளத்தின் மேல் நிறுத்தி, கீழே இறங்கி என்னையும் கூப்பிட்டார். நான் துடைத்த ரப்பரைப் பெருமையாகக் காட்டினேன். விளக்கைப் பிடித்து நிதானமாகப் பார்த்தார். "ரொம்ப சுத்தம் சார். இவ்வளவு சுத்தமா ஒரு ரப்பரை இருபது வருஷத்துல நான் பாத்ததில்ல. ஆனா இது ஸ்டியரிங் ராடோட ரப்பர். நீங்க பாக்க வேண்டியது இதோ, இங்க" என்று விளக்கைத் தள்ளிக் காட்டினார். அங்கே கிழிந்து, மண்ணும் கிரீஸும் அப்பி, ரப்பர் என்ற அடையாளமே இல்லாமல் ஒன்று தொங்கியது. உள்ளே இருந்த உருண்டைகள் சொத்தைப் பல்லைப்போலக் குழி விழுந்திருந்தன. நான் தார் என்று துடைத்ததெல்லாம் கிரீஸ். மாதாமாதம் வியாதியின் தடயத்தை மண்ணெண்ணெய் போட்டு அழித்திருக்கிறேன். மூலத்தோடு ஒப்பிட்டுச் சரிபார்க்கப்பட்டது என்று முப்பத்தோரு வருடம் கையெழுத்துப் போட்டவன் நான். எத்தனை மூலத்தை ஒழுங்காகப் பார்த்தேனோ, அன்றைக்கு அதையும் நினைத்துப் பார்த்தேன்.

அதோடு அவர் விட்டிருக்கலாம். "படுக்கவே வேண்டாம் சார். ஸ்டியரிங்க ஒரு பக்கமா முழுசா ஒடிச்சு வெச்சா சக்கரத்துக்குப் பின்னால ரப்பர் தெரியும், நின்னுக்கிட்டே குனிஞ்சு பாக்கலாம்" என்றார். மேலே என் மனைவி நின்றுகொண்டிருந்தாள். நாற்காலி போட்ட பன்னிரண்டு மாதமும் அவள் முகத்தில் வந்து போயிற்று.

இடது தண்டுக்குப் புது ஜாயிண்ட், புது ரப்பர், வலப்பக்க ரப்பரில் விரிசல் இருந்ததால் அதையும் மாற்றியாயிற்று. வண்டி நேற்று வீட்டுக்கு வந்தது. ஆனால் என் மனம் ஆறவில்லை சம்பந்தி, என்னை மன்னிக்க வேண்டும். ஓய்வு பெற்ற பிறகு எனக்குக் கடிதம் எழுதுகிறவர் நீங்கள் ஒருவர்தான். மற்றதெல்லாம் பேங்கிலிருந்து வருகிறது. ஒரு ரப்பரைப் பற்றி இரண்டு வரி என்றாலும், அதற்குப் பதில் வருகிற நாளில் நான் வாசல் கேட் பக்கத்திலேயே நின்று படிப்பேன். இதைப் படித்துவிட்டு, பொறுப்பில்லாதவன், எழுதியதெல்லாம் பொய் என்று நீங்கள் நினைத்தால் அந்தக் கடிதமும் நின்றுபோகும். அதுதான் எனக்கு பயம். வண்டியை நீங்கள் திருப்பிக் கேட்டால் ஞாயிற்றுக்கிழமை சாவியைக் கொடுத்துவிடுகிறேன். என் மகளை மட்டும் இதில் ஒன்றும் நினைக்க வேண்டாம். அவள் அம்மாவைப்போல, எதையும் ஒரு தடவை பார்த்தாலே சரியாகப் பார்ப்பாள்.

சம்பந்தி அம்மாளுக்கு எங்கள் இருவரின் வணக்கம். பிள்ளைகள் இருவருக்கும் எங்கள் ஆசி என்றும் உண்டு. உங்கள் முழங்கால் சீக்கிரம் குணமாகி, படி ஏறி இறங்க வேண்டும் என்று வேண்டிக்கொள்கிறேன்.

தலை நிமிர்ந்து பார்க்க முடியாத,
உங்கள் சம்பந்தி

பின்குறிப்பு: கடிதத்தை உறையில் போடுவதற்குள் ஒன்று நடந்துவிட்டது. மாற்றிய பழைய சாமான்களை 'காது' ஒரு பையில் போட்டுக் கொடுத்திருந்தார். அந்தக் கிழிந்த ரப்பரை ஞாபகத்துக்கு வைத்துக்கொள்ளலாம் என்று என் மனைவி (பல் பிடுங்கியாயிற்று, இப்போது பேசுகிறாள்) கொல்லைக் குழாயடியில் மண்ணெண்ணெய் ஊற்றிக் கழுவினாள். மண்ணும் கிரீஸும் போனதும் உள்ளே இன்னொரு ரப்பர் வந்தது. சைக்கிள் டியூபை நறுக்கி, கிழிசலின் மேல் மூன்று சுற்றுச் சுற்றி, கம்பி போட்டுக் கட்டியிருக்கிறது. கம்பியின் நுனி இரண்டு முறுக்கு முறுக்கி, யார் கையையும் குத்தாமல் உள்பக்கமாக மடித்துத் தட்டியிருக்கிறது.

டிக்கியைத் திறந்து ஜாக்கிக் கம்பியோடு ஒப்பிட்டுப் பார்த்தேன். இந்தத் தடவை சரியாகவே பார்த்தேன். பிறகு உங்கள் பதினான்கு பதில்களையும் எடுத்து முதலிலிருந்து படித்தேன். இடப்பக்கமுமா என்று நீங்கள் கேட்டது ஏன், ஆறாவது மாதம் ஆண்டவன் எதற்காக வந்தார், எல்லாம் புரிந்தது. ஒரு குறையும் கிடையாது என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டு, அதைத் திருப்பி எடுத்துக்கொள்ள முடியாமல் நீங்களும் என்ன பாடு பட்டிருப்பீர்கள் என்று நினைத்தபோது எனக்குச் சிரிப்பு வரவில்லை சம்பந்தி, கண் கலங்கிவிட்டது. மனைவிதான் சிரித்தாள். இன்னும் சிரித்துக்கொண்டிருக்கிறாள்.

மேலே கேட்ட மன்னிப்பில் பாதியைத் திருப்பி எடுத்துக்கொள்கிறேன். சாவியைத் தருவதாக எழுதியதை முழுதாகவே எடுத்துக்கொள்கிறேன். ஞாயிற்றுக்கிழமை கட்டாயம் வாருங்கள். நான் ஓட்டுகிறேன், நீங்கள் பக்கத்தில் காலை நீட்டி உட்காருங்கள். வலப்பக்கமாகவே திரும்பித் திரும்பிப் போவோம். சத்தம் வராது. வந்தால், நம் இரண்டு பேருக்குமே கேட்காது.