கொடி அண்ணை விடுதலை செய்த நத்தையள்

பூட்டானைப் பற்றிப் பூட்டான் ராசாவுக்கே தெரியாத விசயமும் எங்கடை கொடி அண்ணைக்குத் தெரியும். ஒரேயொரு குறை, மனிசன் பூட்டானுக்குப் போனதே இல்லை. இமயமலைப் பக்கம் தலைவைச்சும் படுத்ததில்லை. பிறந்தது யாழ்ப்பாணத்திலை. இருந்தது இத்தாலியிலை, சிசிலித் தீவின்ரை பலெர்மோ நகரத்திலை, பல்லரோச் சந்தைக்குப் பின்னாலை, எங்கடை வீட்டுக்கு நேர் மேல்மாடியிலை.

இந்தப் பூட்டான் அவருக்குத் தொத்தினது அவர் வேலைக்கு நிண்ட வீட்டுச் சிஞ்ஞோரா, இத்தாலியன் அம்மா ஒராளிட்டை இருந்து. எழும்பி நடக்கேலாத, வயசுபோன மனிசி. இளமையிலை அடிக்கடி பூட்டானுக்குப் போய் மாசக்கணக்கா நிண்டு வந்தவவாம். கொடி அண்ணை ஒன்பது வருசம் அவவைக் குளிக்கவாத்து, தீத்தி, மருந்து குடுத்துப் பாத்தவர். பின்னேரங்களிலை மனிசி கதை சொல்லுவா, இவர் கால்மாட்டிலை இருந்து கேப்பார். அவ செத்தாப்பிறகு பிள்ளையள் வீட்டை எடுத்துதுகள், இவருக்கு எழுதி வைச்சது ஒரு பெரிய பெட்டி. உள்ளுக்கை கோடு போட்ட பூட்டான் அங்கி ஒண்டு, சாமிக்குத் தண்ணி வைக்கிற கிண்ணம் ஏழு, ஒரு கட்டுப் புத்தகம், பிறகு நீலம், வெள்ளை, சிவப்பு, பச்சை, மஞ்சள் எண்டு மந்திரம் அச்சடிச்ச கொடியள் முழம் முழமா.

அந்தக் கொடியளைத் தன்ரை பல்கனியிலை இருந்து முன்வீட்டுக்காரியின்ரை உடுப்புக் காயப்போடுற கம்பி மட்டும் இழுத்துக் கட்டினார். காத்தடிக்கேக்கை மந்திரம் பறந்துபோய் ஊருக்கெல்லாம் நன்மை செய்யுமாம். முன்வீட்டுச் சிசிலிக்காரி முதல் கிழமை, "ஆருக்குக் கலியாணம்?" எண்டு கேட்டா. ரெண்டாம் கிழமை, "இன்னும் முடியேல்லையோ?" எண்டா. மூண்டாம் கிழமை தன்ரை புருசன்ரை உள்ளுடுப்புகளை மந்திரத்துக்கு நடுவிலை காயப்போடத் தொடங்கினா. அண்ணை கோவிக்கேல்லை. "அந்தாளுக்கும் நன்மை வரட்டும்" எண்டார். அண்டைக்கு விழுந்ததுதான் கொடி அண்ணை எண்ட பேர்.

எங்கடை ஆக்கள் சும்மா விடுவினமோ? கோயில் பூசையிலை வைச்சு ஒருத்தர் நேராவே கேட்டார்: "ஊரிலை ஒரு புத்தர் சிலை முளைச்சா அதுக்குப் பின்னாலை ஆமியும் குடியேத்தமும் முளைக்குமெண்டு தெரியாதோ? இஞ்சையும் வந்து புத்தரோ?" கொடி அண்ணை திருநீறு பூசிக்கொண்டே சொன்னார்: "கொண்டுவந்து வைச்சவையோடை எனக்கும் கோவம்தான். புத்தர் என்ன செய்தவர்? அந்தாள் பாவம்." 

ஆனா பக்கத்திலை இருக்கிற எங்கடை பாடு எங்களுக்குத்தான் தெரியும். பூட்டானிலை கோபுரங்களைச் சுத்தேக்கை எப்பவும் வலப்பக்கமாத்தான் சுத்துவினமாம். நாங்களும் கோயிலை வலம்தானே வாறம், அதிலை ஒரு புதினமும் இல்லை. ஆனா இந்த மனிசன் பல்லரோச் சந்தையையும் வலம் வந்தவர். வெங்காயத்தை மறந்துபோய் நாலு அடி தாண்டியிட்டா திரும்பி வரமாட்டார். முழுச்சந்தையும் இன்னொருக்காச் சுத்தித்தான் வெங்காயக் கடைக்கு வருவார். "பால் முடிஞ்சுபோச்சு அண்ணை, கெதியா ஒரு போத்தல் வாங்கியாங்கோ" எண்டு சொல்லியிட்டு, வெறும் தேத்தண்ணி குடிச்சு, கோப்பையும் கழுவி வைச்சாப்பிறகு பால் வரும்.

சாப்பாட்டுக் கதை இன்னும் மோசம். பூட்டானிலை ஆரும் சாப்பிடக் கேட்டா உடனை ஓமெண்டு சொல்லப்படாதாம். கையாலை வாயைப் பொத்திக்கொண்டு "மெஷு, மெஷு" எண்டு ரெண்டுதரம் மறுக்கவேணும். மூண்டாந்தரம் கேட்டாத்தான் சம்மதிக்கலாம். நான் ரெண்டு வீட்டு வேலை முடிச்சு, இடுப்பு முறிஞ்சு வாறவள். "அண்ணை, சாப்பிடுறியளோ?" எண்டு ஒருக்காக் கேட்டன். வாயைப் பொத்தினார். சரி, பசியில்லையாக்குமெண்டு சட்டியை மூடிப்போட்டன். பத்து நிமிசத்தாலை கதவிலை தட்டுது.

"தங்கச்சி, நீர் இன்னும் ரெண்டுதரம் கேக்கேல்லை."

எனக்குச் சிரிப்பு வராமல் அழுகைதான் வந்தது. ஏனெண்டா அந்த நாளையிலை எனக்கு எதுக்கும் அழுகைதான் வரும். என்ரை மகள் அபிநயாவை மூண்டு வயசிலை ஊரிலை, மானிப்பாயிலை, அக்காவிட்டை விட்டிட்டு வந்தனான். இப்ப அவளுக்கு ஒன்பது வயசு. இஞ்சை கூப்பிட வேணுமெண்டா, வீடு குடியிருக்க ஏற்றதெண்டு ஒரு சான்றிதழ் வேணும். அதுக்கெண்டு ஒரு ஜெயோமெத்ரா, வீடு அளக்கிற உத்தியோகத்தர், வந்து அறையை அளந்து, யன்னலைப் பாத்து, சுவரிலை ஈரம் இருக்கோ எண்டும் பாத்து எழுதுவார். முதல் இருந்த வீட்டிலை ஈரமெண்டு எழுதினதோடை எல்லாம் முடிஞ்சுது. நாய் படாத பாடுபட்டு இந்த வீட்டைத் தேடிப் பிடிச்சு, முழுக்கடதாசியும் முதலிலை இருந்து குடுத்திருந்தம். இந்தமுறையும் ஈரமெண்டு எழுதினா என்ரை பிள்ளையை நான் எப்ப காணுறது?

புதன்கிழமை காலமை பத்து மணிக்கு வாறமெண்டு அறிவிச்சினம். அதுக்குப் பிறகு எனக்குச் சோறு இறங்கேல்லை. எழும்பினவுடனை சுவரைத் தடவுவன். வேலையாலை வந்து, செருப்புக் கழட்ட முதல் தடவுவன். "உன்ரை கை வேர்வையாலைதான் சுவர் ஈரமாகப் போகுது" எண்டார் எங்கடை மனிசன், அபிநயாவின்ரை அப்பா. பலெர்மோவின்ரை காவல் புனிதை சாந்தா ரொசாலியாவின்ரை மலைக்கு வெறுங்காலோடை ஏறி நேர்த்தியும் வைச்சிட்டு வந்தன். மாதா கோயிலோ பிள்ளையார் கோயிலோ எண்டு பாக்கிற நேரமே அது?

கொடி அண்ணை இதையெல்லாம் பாத்துக்கொண்டுதான் இருந்தவர். ஒருநாள் படியிலை மறிச்சு, "தங்கச்சி, இண்டைக்குச் சாவை நினைச்சனீரோ?" எண்டு கேட்டார்.

"என்ன கதை கதைக்கிறியள் அண்ணை!"

"பூட்டானிலை ஒரு நாளைக்கு அஞ்சுதரம் நினைப்பினம். மனம் லேசாகும்."

"நான் ஒரு நாளைக்கு ஐம்பதுதரம் ஜெயோமெத்ராவை நினைக்கிறன். எனக்குச் சாவு வேறை வேணுமே?"

தலையை ஆட்டியிட்டுப் போனார். அந்தத் தலையாட்டலைப் பாத்தவுடனை நான் உசாராகியிருக்க வேணும்.

பூட்டான்காரரிட்டை இன்னொரு வழக்கம் இருக்காம். ஒருத்தருக்கு ஒரு காரியம் தடைப்பட்டா, கொல்லக் கொண்டுபோற உயிரை வாங்கி அவற்றை பேரிலை விடுதலை செய்யிறது. அந்தப் புண்ணியத்திலை தடை விலகும். மாடோ ஆடோ மீனோ, எந்த உயிரெண்டாலும் சரி. கொடி அண்ணை செவ்வாய்க்கிழமை சந்தையை வலம் வந்து பாத்திருக்கிறார். மீன் எல்லாம் ஐஸிலை விறைச்சுக் கிடக்கு. அதை விடுதலை செய்து என்ன பிரயோசனம்? பல்லரோ முழுக்க உயிரோடை விலைக்கு இருந்தது ஒரேயொரு சாமான்தான், நத்தை. சாந்தா ரொசாலியா திருவிழாக் காலத்திலை பலெர்மோக்காரர் உள்ளியும் எண்ணெயும் போட்டு அவிச்சு உறிஞ்சுவினமே, பப்பலூச்சி எண்டு, அந்தச் சின்ன வெள்ளை நத்தை. ரெண்டு வாளி வாங்கியிருக்கிறார்.

அண்டைக்கே கொண்டுபோய் ஒரேத்தோ ஆத்தங்கரைப் பத்தையளுக்கை விட்டிருந்தா நான் இந்தக் கதையை எழுதவேண்டி வந்திராது. ஆனா அவற்றை பூட்டான் கலண்டரிலை நல்லநாள் வியாழக்கிழமை. அதுமட்டும் தன்ரை பல்கனியிலை வாளியோடை வைச்சு, மேலை ஒவ்வொரு சாப்பாட்டுத் தட்டாலை மூடியிருக்கிறார். பாரம் ஒண்டும் வைக்கேல்லை. ஏன் வைக்கேல்லையெண்டு பிறகு கேட்டன்.

"பாரம் வைச்சா அது மறியல், சிறையெல்லே தங்கச்சி? விடுதலைக்கு வந்த உயிரை மறியலிலை போடலாமோ?"

புதன்கிழமை விடிய எழும்பிச் சுவரைத் தடவப் போனன். சுவரிலை நத்தை. ஒண்டில்லை, ரெண்டில்லை. மேல்பல்கனியாலை இறங்கி, யன்னலாலை பூந்து, பிள்ளைக்கெண்டு வெள்ளையடிச்சு வைச்ச அறை முழுக்க நத்தை! யன்னல் சீலையிலை நத்தை, கட்டில் சட்டத்திலை நத்தை.  நத்தையைக் கண்டா உலகத்திலை எவன்தான் ஈரமெண்டு எழுதமாட்டான்?

"இஞ்சருங்கோ! ஓடியாங்கோ!"

எங்கடை மனிசன் அரிதட்டோடை ஓடிவந்தார். நான் சருவச்சட்டியோடை நிண்டன். அவர் ஆய, நான் ஏந்த, கத்தரிக்காய் ஆயிற மாதிரி ரெண்டுபேரும் ஆய்ஞ்சம். ஒண்டைப் பிடுங்கினா ரெண்டு தெரியுது. நத்தை போன பாதையெல்லாம் சுவரிலை மினுமினுக்குது, அதைத் துடைச்சா துடைச்ச இடம் ஈரமாய்த் தெரியுது. தலைமயிர் காயவைக்கிற மெசினைக் கொண்டுவந்து சுவருக்குப் பிடிச்சன். ஒன்பதரை ஆச்சு. பத்தாக முதலே கதவு மணி அடிச்சுது.

ஜெயோமெத்ரா மூண்டு மாடி ஏறின களைப்போடை வந்தார். மொத்தமான மனிசன், சிரிப்புக் கிடையாது. குசினியை அளந்தார். எங்கடை அறையை அளந்தார். எல்லாத்தையும் ஒரு கடதாசியிலை எழுதினார். கடைசியாப் பிள்ளையின்ரை அறைக்கு வந்து நிமிந்து பாத்தார். அலுமாரிக்கு மேலை, எங்களுக்கு எட்டாத மூலையிலை, ஒரு நத்தை இருந்தது.

"சிஞ்ஞோரா, இதென்ன? ஈரமோ?"

 நான் படிச்ச இத்தாலியன் முழுக்க மறந்துபோச்சு. எங்கடை மனிசன் அரிதட்டை முதுகுக்குப் பின்னாலை ஒளிச்சுக்கொண்டு சிலைமாதிரி நிக்கிறார். அந்த நேரம் பாத்துக் கதவு திறக்குது. மரத்தாலை விழுந்தவனை மாடேறி மிதிச்ச மாதிரி, முழங்கால் மட்டும் பூட்டான் அங்கி, தோளிலை குறுக்காலை வெள்ளைச் சால்வை, கையிலை வெறும் வாளியோடை கொடி அண்ணை! மரியாதைப்பட்ட ஆக்களுக்கு முன்னாலை அப்பிடித்தான் போகவேணுமாம்.

"ஐயா, அது என்ரை நத்தை. இந்த வீட்டுக்கும் அதுக்கும் ஒரு தொடர்பும் இல்லை" எண்டு இத்தாலியனிலை தொடங்கினார். பூட்டான், புண்ணியம், ஊரிலை இருக்கிற பிள்ளை, வியாழக்கிழமை, வாளி எல்லாம் ஒண்டும் விடாமல் சொன்னார். நான் கண்ணை இறுக்கி மூடிக்கொண்டன். முடிஞ்சுது, என்ரை பிள்ளை வரமாட்டாள் எண்டுதான் நினைச்சன்.

ஜெயோமெத்ரா எல்லாத்தையும் கேட்டுப்போட்டு, "இந்தப் பிள்ளை உங்களுக்கு என்ன முறை?" எண்டார்.

"ஒரு முறையும் இல்லை ஐயா. எனக்கும் ஒரு மகள் இருந்தவள். இருக்கிறாள், ஊரிலை. இதே கடதாசி எனக்கும் வந்தது, ஆனா பிந்தி வந்தது. அதுக்குள்ளை அவளுக்குப் பதினெட்டு முடிஞ்சுபோச்சு. இனிப் பிள்ளையில்லை, கூப்பிடேலாது எண்டிட்டினம். இவளுக்கு ஒன்பது வயசு. நத்தையைப் பற்றி எழுதாதையுங்கோ ஐயா. பிழை என்ரை."

நான் கண்ணைத் திறந்தன். எத்தினை மாசம் மேலையும் கீழையும் இருந்தனாங்கள்! வெங்காயமும் கொடியும் எல்லாம் கதைச்சம், மகளைப் பற்றி ஒரு சொல்லுச் சொல்லேல்லை மனிசன்.

ஜெயோமெத்ரா ஒரு கதிரையை இழுத்து, அதிலை ஏறி, நத்தையை டக்கெண்டு பிடுங்கினார். கவிட்டுப் பாத்தார். ஓட்டின்ரை வாயிலை வெள்ளைத்தோல் இழுத்து மூடியிருந்தது.

"என்ரை தேப்பன் இதை வித்துத்தான் என்னைப் படிப்பிச்சவர்" எண்டார். "ஈரத்தைக் கண்டா இது கதவைத் திறந்துகொண்டு நடக்கும். காய்ஞ்ச இடத்திலைதான் இப்பிடிக் கதவைச் சாத்திப்போட்டுப் படுக்கும். இது நல்லாச் சாத்தியிருக்கு."

எண்டாலும் தொழிலைத் தொழிலாச் செய்தார். ஈரம் பாக்கிற கருவியை எடுத்து நாலு சுவரிலையும் குத்திப் பாத்தார். நான் தலைமயிர் மெசின் பிடிச்ச சுவரைத் தொட்டு, "இது ஏன் சுடுது?" எண்டு மட்டும் கேட்டார்.  "சுவர் காய்ஞ்சது" எண்டு வாய்விட்டுச் சொல்லி எழுதினார். போகேக்கை சருவச்சட்டியிலை கிடந்த நத்தையளைக் காட்டி, "உண்மையாவே திண்ணமாட்டியளோ?" எண்டு கொடி அண்ணையைக் கேட்டார். அண்ணை துடிச்சுப்போனார்.

மாரி தொடங்கேக்கை அபிநயா வந்து சேர்ந்தாள். ஆறு வருசம் கனாக் கண்ட பிள்ளை. விமான நிலையத்திலை கட்டிப்பிடிச்சு அழுதன், அவள் மரக்கட்டை மாதிரி நிண்டாள். சரி, பயணக் களை எண்டு தேத்திக்கொண்டன். மூண்டாம் நாள் குளிக்கேக்கை சறுக்கி விழுந்து "அம்மா!" எண்டு கத்தினாள். அடுப்பிலை வைச்சது வைச்சபடி ஓடினன். என்னை நிமிந்து பாத்தாள்.

"நீங்கள் இல்லை. மானிப்பாய் அம்மா."

துடைச்சு, உடுப்புப் போட்டு, பாணும் பாலும் குடுத்திட்டு வெளியிலை வந்து படியிலை இருந்து அழுதன். வாய்விட்டு அழுதன். மேலை இருந்து கொடி அண்ணை இறங்கி வந்தவர், பிள்ளைக்குப் போட்டு வரவேற்கவெண்டு கையிலை ஒரு வெள்ளைச் சால்வையோடை. என்னைக் கண்டிட்டுப் பக்கத்திலை குந்தினார். சொன்னன். இனிப் பூட்டானிலை இருந்து ஏதோ ஒண்டு வரப்போகுது எண்டு பாத்துக்கொண்டு இருந்தன். ஒண்டும் வரேல்லை. 

"தங்கச்சி, அவள் ஆரைக் கூப்பிட்டா என்ன? ஓடிப்போய்த் தூக்கக்கூடிய தூரத்திலை நீர் நிண்டனீர். அது எவ்வளவு பெரிய காரியமெண்டு உமக்குத் தெரியாது."

 பிள்ளைக்கெண்டு கொண்டுவந்த சால்வையிலை முகத்தைப் பொத்திக்கொண்டு அந்த மனிசன் அழுதது இப்பவும் எனக்குக் கண்ணுக்குள்ளை நிக்குது.

எனக்குக் கூடப்பிறந்த அண்ணைமார் மூண்டு பேர். ஆரும் கேட்டா நாலு எண்டுதான் சொல்லுறனான்.