பூதத்தின் முதுகில் நாலு கொழுத்த பிள்ளைகள்

கவலைப்படுவது எல்லாருக்கும் வரும் என்று நினைக்கிறார்கள். தப்பு. அதற்கும் பழக்கம் வேண்டும். நான் பழகியவன். வானம் மூடியிருந்தால் மழை வந்து ரப்பர் மரத்தில் பால்வெட்டு கெட்டுப்போகுமே என்று கவலைப்படுவேன். வானம் வெளுத்திருந்தால், இவ்வளவு வெளுப்பு எதற்கு என்று கவலைப்படுவேன். ஆறாம் வகுப்போடு நான் பள்ளிக்கூடத்தை விட்டதாக வீட்டில் சொல்வார்கள். பரீட்சை என்ற சொல்லைக் கேட்டாலே வயிறு கலக்கி, மாதத்தில் பாதி நாள் நான் கக்கூசில் கிடந்ததால், பள்ளிக்கூடம்தான் பொறுக்கமாட்டாமல் என்னை விட்டது.

இப்படிப்பட்ட ஒருவன் எழுபதுகளில் மலாய் நாட்டில், பாடாங் செராய்க்குப் பக்கத்தில் ஒரு ரப்பர் தோட்டத்தில், ஒரு சாமியை உண்டாக்கிவிட்டான். அதுவும் ஞாயிறு தவறாமல் மாதா கோயிலுக்குப் போகிற குடும்பத்துப் பையன்.

எல்லாம் ஒரு முடிதிருத்தும் கடையில் தொடங்கியது. பட்டர்வொர்த்தில் இருந்த வெள்ளைக்காரச் சிப்பாய்கள் படித்துவிட்டு எடைக்குப் போட்ட ஆங்கிலப் படக்கதைகள் பாடாங் செராயில் அந்தக் கடை பெஞ்சில் குவிந்து கிடக்கும். எனக்கு ஆங்கிலம் தெரியாது. படங்களைப் பார்த்து, கட்டத்துக்குள் இருப்பவன் என்ன பேசுவான் என்று நானே தமிழில் பேசிக்கொள்வேன். கடலுக்கடியில் தூங்கும் பூதங்கள், நட்சத்திரங்களுக்கு அந்தப் பக்கமிருந்து எட்டிப்பார்க்கும் கண்கள், அவற்றைப் பார்த்துவிட்டுத் தலையைப் பிடித்துக்கொண்டு ஓடும் மனிதர்கள். மற்றவர்கள் பார்த்துவிட்டுச் சிரிப்பார்கள். எனக்கு மட்டும், தெரிந்தவர் வீட்டுப் போட்டோவைப் பார்ப்பதுபோல இருக்கும்.

ஏனென்றால் என் தலைக்கு மேலேயும் ஒன்று நின்றுகொண்டிருந்தது. என் அடையாள அட்டை சிவப்பு. இந்தத் தோட்டத்துத் தொழிலாளர் லயத்தில்தான் பிறந்தேன். ஆனால் அப்பா என் பிறப்பைப் பதியவில்லை. (கேட்டால், "நீ பொறந்தது எனக்குத் தெரியும்லடா, வேற எவனுக்குத் தெரியணும்?" என்பார்.) நீல அட்டைக்காரன் இந்த நாட்டுக் குடிமகன். சிவப்பு அட்டைக்காரன் வேலை செய்யவே பெர்மிட் வாங்க வேண்டும். பெர்மிட் கிடைக்காமல் பினாங்கில் கப்பல் ஏறிப் பாட்டன் ஊருக்கே போனவர்கள் எங்கள் லயத்திலேயே இருந்தார்கள்.

பக்கத்து வீட்டு ராசம்மா அக்காவின் புருஷன் அப்படிப் போனவர்தான். முதலில் கடிதம் வந்தது. பிறகு அதுவும் நின்றது. தோட்டத்திலேயே வேகமான கை ராசம்மா அக்காவுடையது. எல்லாருக்கும் முன்னால் ஸ்டோரில் பாலைத் தராசில் நிறுத்துவிட்டு, பின்னால் வருகிறவர்களைக் கேலி பண்ணிக்கொண்டு நிற்பாள். அவள் ஒரு நாள் சுவரைப் பார்த்து உட்கார்ந்தாள். அப்புறம் எழுந்திருக்கவில்லை. "மேல நிக்கிது, கேக்குது" என்பாள். வேறு பேச்சில்லை. சாப்பாடும் குறைந்துகொண்டே வந்தது. ஜித்ராவிலிருந்து அவளுடைய அண்ணன் வந்து, இந்த வாரமும் இப்படியே இருந்தால் அவளைப் பேராக்கில் இருக்கும் பெரிய மனநல ஆஸ்பத்திரியில் விட்டுவிட்டு, அவளுடைய சின்ன மகளைத் தன்னோடு கூட்டிப்போவதாகச் சொல்லிவிட்டார். கெட்ட மனுஷர் இல்லை. அவருக்கும் வேறு வழி தெரியவில்லை.

நான் என் வழியைக் கண்டுபிடித்திருந்தேன். படக்கதை வரைந்தேன். சீனன் கடை காலண்டர் தாள்களின் பின்பக்கம்தான் என் காகிதம். என் கதையில், நம் ஆட்கள் கப்பலில் வரும்போது நடுக்கடலில் ஒன்றை மிதித்து எழுப்பிவிடுகிறார்கள். சூரியனுக்கும் மூத்தது அது. கப்பலுக்குப் பின்னாலேயே வந்து ரப்பர் காட்டுக்கு மேல் நின்றுகொள்கிறது. யாரையும் கடிக்காது, அடிக்காது. ஒரே ஒரு கேள்வி கேட்கும்: "நீ எந்த ஊரு?" கதாநாயகன் (என்னைப் போலவே மூக்கு, ஆனால் தோள் மட்டும் நல்ல அகலம்) "இந்த ஊரு" என்பான். பாதி முகம் அழிந்து, பால் பிடிக்கிற மங்கு மாதிரி வழவழவென்று ஆகிவிடும். பயந்துபோய் "அந்த ஊரு" என்பான். மீதி முகமும் போய்விடும். கடைசிப் பக்கம் மட்டும் வரையவில்லை. என்ன பதில் சொன்னால் முகம் திரும்பி வரும் என்று எனக்குத் தெரியவில்லை.

நடுவில் ஒரு பெரிய படம் வேண்டியிருந்தது. நாலு தாள்களை ரப்பர் பாலாலேயே ஒட்டி, அந்தப் பூதத்தை முழுசாக வரைந்தேன். உடம்பு முழுக்கக் கண்கள். குன்றில் ரப்பர் மரங்களை நட்டமாதிரி வரிசை வரிசையாக. ஒவ்வொரு கண்ணுக்கும் கீழே வெட்டுக்கோடு. கோட்டிலிருந்து பால் வழிகிறது. கெட்டியாக இருக்கட்டும் என்று மேலேயும் பாலைப் பூசினேன். அது காய வேண்டும். வீட்டில் காயப்போட்டால் அம்மா பார்ப்பாள். அதனால் ரப்பர் ஷீட்டுகளைத் தொங்கவிட்டுப் புகை போடுகிற புகைக்கூடத்தில், பின்வரிசை ஷீட்டுகளுக்குப் பின்னால் மாட்டிவிட்டு வந்தேன்.

மறுநாள் எடுத்திருக்க வேண்டும். புகைக்கூடத்தைப் பார்த்துக்கொள்கிற காளியண்ணன் உள்ளே நின்றார். அதற்கடுத்த நாள் அவர் உள்ளே இல்லை, ஆனால் வந்துவிட்டால் என்ன செய்வது என்று கவலைப்பட்டுத் திரும்பினேன். இப்படியே ஒரு வாரம் ஓடிவிட்டது.

ஷீட் இறக்கும் நாளன்று, நான் பால்வெட்டு முடிந்து திரும்பும்போது புகைக்கூடத்து வாசலில் தோட்டமே நின்றது. கூட்டத்தைப் பிளந்து உள்ளே போனேன். புகையில் ஒரு வாரம் ஊறி, பூசிய பால் தேன் நிறமாகி, என் படம் நூறு வருஷத்துப் பொருளாகத் தொங்கியது. அந்தக் கண்களெல்லாம் கீழே எரிகிற விறகின் வெளிச்சத்தில் ஒன்றுவிட்டு ஒன்று திறந்து மூடின. சத்தியமாகச் சொல்கிறேன், வரைந்தவன் நான் என்பது எனக்கே மறந்துபோயிற்று. கை தானாகக் குவிந்தது. கூப்பியது தப்பாயிற்றே என்று அவசரமாகச் சிலுவை போட்டுக்கொண்டேன்.

"கும்பிட்டுக்கடா சவரி! எங்க சாமி உங்க சாமின்னு பாக்காத. புகையில தானா தோணுச்சுடா!" என்றார் காளியண்ணன். படத்துக்கு மாலை போட்டு, எலுமிச்சம்பழம் செருகி, சுருட்டு வைத்து, தட்டில் சூடம் கொளுத்தியிருந்தார்.

சூடத்தைப் பார்த்ததும் பக்தி பறந்துவிட்டது.

"அண்ணே, மொதல்ல அத அணைங்க! மேல பூரா ரப்பரு! புடிச்சிக்கிட்டா ஆளே மிஞ்சாது லா!"

"சாமி இருக்கிற எடத்துல எப்படிடா புடிக்கும்?"

"சாமி இல்லண்ணே. காலண்டரு!"

சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று எனக்கே உறைத்தது. கூட்டம் முறைத்தது. நிரூபித்தே தீர வேண்டிய நிலை. படத்தைக் கழற்றி, தலைக்கு மேல் தூக்கி, திருப்பிக் காட்டினேன்.

சீனன் கடைக் காலண்டரில் என்ன படம் இருக்கும்? கொழுகொழுவென்று நாலு பிள்ளைகள், ஆளுக்கொரு தங்க மீனைக் கட்டிப்பிடித்துக்கொண்டு சிரித்தன. ஒரு தாளுக்கு ஒரு பிள்ளை.

பிள்ளை இல்லாமல் ஏங்கிக்கொண்டிருந்த லாரி டிரைவரின் பெண்சாதி "தாயே! புள்ள வரம் குடுக்கிற தெய்வமே!" என்று அலறி விழுந்தாள். படத்தைப் பிடித்திருந்தது நான் என்பதால், விழுந்தது என் காலில். பின்னாலேயே இன்னும் சிலர் விழுந்தார்கள். வாசலில் அம்மா ஜெபமாலையோடு நின்றாள். அம்மா பிள்ளைகளைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள்.

"அலமாரிக்கு விரிக்க வச்சிருந்த தாளு" என்றாள், மெதுவாக.

அந்த நேரம்தான் ராசம்மா அக்காவைக் கூட்டி வந்தார்கள். காளியண்ணன் யோசனை. அவளுடைய அண்ணனும் சம்மதித்திருந்தார். சாமி முன்னால் நிறுத்தி, வேப்பங்குழையால் அடித்து, ஏறியதை இறக்கப் பார்ப்பது. இறங்கினால் இங்கேயே இருக்கட்டும். இல்லாவிட்டால் சாயங்காலம் வாடகைக் காரில் பேராக். அக்காவின் பாவாடை நுனியைப் பிடித்துக்கொண்டு அவளுடைய மகளும் வந்து நின்றாள்.

படத்தை என் கையிலிருந்து வாங்கித் திரும்ப மாட்டினார்கள். காளியண்ணன் குழையை ஓங்கினார். "எறங்குறியா இல்லியா?"

அக்கா அவரைப் பார்க்கவே இல்லை. நிமிர்ந்து படத்தைப் பார்த்தாள். எத்தனையோ நாளாகச் சுவரைத் தவிர எதையும் பார்க்காத கண்கள், அந்தக் கண்களை ஒவ்வொன்றாகப் பார்த்தன.

"இதான்" என்றாள். "ஒருத்தனும் நம்பல. யாரு வரைஞ்சது?"

சொன்னால் என்ன ஆகும் என்று என் மனசு வரிசையாக ஓடியது. எனக்கும் பைத்தியம் என்பார்கள். ஆபீசில் கணக்கெழுதும் கிராணியின் காதுக்குப் போகும். பெர்மிட் போகும். கப்பல். ஆனால் குழை இன்னும் மேலேயே நின்றது. பரீட்சைதான் இதுவும்.

"நான்தாங்க்கா."

காளியண்ணனின் குழை தாழ்ந்தது.

"ஒனக்கும் நிக்கிதா?"

"நிக்கிதுக்கா."

"கேக்குதா?"

"கேக்குது. எந்த ஊருன்னு."

"நீ என்ன சொல்லுவ?"

"தெரியலக்கா. அதான் கடைசிப் பக்கம் வரையல."

அந்த இடத்தில் அவ்வளவு பேர் இருந்தும், நாங்கள் இருவர் மட்டும் ஒரே கப்பலில் நிற்பதுபோல இருந்தது. அக்காவின் பழைய கேலிச் சிரிப்பு உதட்டோரம் மெல்ல ஏறியது.

"பால் நிறுத்துட்டு வரேன், நில்லுன்னு சொல்லுடா."

"அது எத்தன நாளைக்குக்கா நிக்கும்?"

"நிக்கட்டுமே. நமக்கென்ன? அதுக்கு வேற சோலியா இருக்கு?" என்றவள் மகளைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். "பசிக்குது."

முதலில் ஓடியது என் அம்மா. ஜெபமாலையைக் கழுத்தில் போட்டுக்கொண்டு, சாமிக்கு வைத்திருந்த பொங்கலை அப்படியே சட்டியோடு எடுத்து அவள் முன்னால் வைத்தாள். ராசம்மா அக்கா சாப்பிட்ட வேகத்தைத் தோட்டமே நின்று பார்த்தது. ஜித்ரா அண்ணன் ஓரமாக உட்கார்ந்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். கார் வெறுமனே திரும்பிப் போயிற்று.

அன்றோடு எல்லாம் சரியாகிவிட்டது என்று சொல்லமாட்டேன். தோட்டத்து ஆஸ்பத்திரி டிரெசரிடம் அவளே நடந்துபோய் மாத்திரை வாங்கினாள், பல காலம் சாப்பிட்டாள். சாமி குணமாக்கியதாகக் காளியண்ணன் சொன்னார். மாத்திரை என்றார் டிரெசர். அவளைக் கேட்டால், "ஒருத்தனாச்சும் பாத்திருக்கான்ல" என்பாள். சில நாள் மறுபடியும் சுவர்ப்பக்கம் திரும்புவாள். அன்றைக்கெல்லாம் நான் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்து கவலைப்படுவேன். எனக்குத் தெரிந்த ஒரே தொழில்.

படத்தைத் திருப்பிக் கேட்டேன். தரவில்லை. புகைக்கூடத்துக்கு வெளியே தகரக்கூரை போட்டு வைத்தார்கள். லாரி டிரைவருக்குப் பிள்ளை பிறந்ததும் கூரை பெரிதானது. எனக்கு 'சாமியப்பன்' என்று பெயர் வைத்தார்கள். பாவசங்கீர்த்தனத்தில் பாதிரியாரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கூண்டுக்குள்ளிருந்து ஓர் இருமல், சிரிப்பை அடக்கும்போது வருகிற இருமல்.

எண்பதுகளில் நீல அட்டைக்காகக் கூலிம் டவுனில் ஓர் அதிகாரியின் முன்னால் நின்றேன். மலாய்க்காரர், தங்கமான மனிதர். ஆனால் அவர் தலையை நிமிர்த்தி, "ஆசால் மானா?" என்று கேட்டார். எந்த ஊர்க்காரன்? மூக்குக்கண்ணாடியில் ஜன்னல் வெளிச்சம் பட்டு, வரிசை வரிசையாகக் கண்கள். மனப்பாடம் செய்திருந்த மலாய் எல்லாம் மறந்து, என் வாய் தமிழில் சொன்னது:

"பால் நிறுத்துட்டு வரேன், நில்லு."

அதிகாரி பக்கத்திலிருந்த தமிழ்ப் பியூனைப் பார்த்தார். பியூன் முகத்தில் ஒரு சுருக்கம்கூட இல்லாமல் மலாயில் சொன்னார்: "இங்கேதான், துவான். பால்மரம் வெட்டுகிறவராம்."

முத்திரை விழுந்தது.

இன்றைக்கும் எங்கள் வீட்டில் கடன்காரன் வந்தாலும், கல்யாணத்துக்கு நேரமானாலும், டாக்டர் கூப்பிட்டாலும் என் மனைவி உள்ளேயிருந்து குரல் கொடுப்பது அந்த ஒரே வாக்கியம்தான். கடைசிப் பக்கத்தையும் வரைந்துவிட்டேன். பெரிய பூதம் ஒன்று, இத்தனை கண்களோடு, ஸ்டோர் வாசலில் கையைக் கட்டிக்கொண்டு வரிசையில் நிற்கிறது. அதற்கு முன்னால் தோளில் காண்டா கம்பும் பால்வாளிகளுமாக ஒரு பொம்பளை திரும்பிச் சிரிக்கிறாள். முகம் முழுசாக இருக்கிறது.