வாசலில் ஒரு கதண்டுக் கூடு

"கதண்டா? அதென்ன கண்ணு?" என்று போனில் கேட்டாள் தபித்தாள்.

ஜெஸிந்தாவுக்கு அப்போதுதான் தான் பொய் சொல்லிவிட்டது உறைத்தது. வாசலில் கதண்டு கூடு கட்டியிருக்கிறது என்று எப்படித்தான் வாயில் வந்ததோ! "வராதீங்க" என்று யாரிடமும் சொல்லிப் பழகாதவள் அவள்.

தபித்தாள் அவள் கணவன் பிரைட்டனின் அக்கா. திருப்பூரில் இருக்கிறாள். ஊட்டியில் வீடு இருந்தால் சீசனுக்குச் சொந்தக்காரர்களும் உண்டு. ஆயுத பூசை லீவு விட்டதும் தபித்தாள், அவள் கணவர் வேதமுத்து, மூன்று பிள்ளைகள் எல்லோரும் காந்தலில் உள்ள இந்த இரண்டு அறை வீட்டுக்கு வந்து இறங்கிவிடுவார்கள். அவர்கள் திரும்பப் பஸ் ஏறும்போது ஜெஸிந்தாவுக்கு நிம்மதியில் அழுகையே வந்துவிடும்.

ஜெஸிந்தா விலங்கியல் படித்தவள். ஆசிரியர் வேலைக்கான தேர்வை இரண்டு முறை இவர்களுக்குப் பூரி சுட்டுக்கொண்டே படித்துக் கோட்டை விட்டிருந்தாள். இந்த ஞாயிறு மூன்றாவது முறை. இதுவும் போனால், தான் வேலை பார்க்கும் பேக்கரிக்கே வர்க்கி பொட்டலம் கட்ட வந்துவிடச் சொல்லியிருந்தான் பிரைட்டன்.

"பெரிய குளவிங்க அண்ணி. தேனீ கொட்டுனா கொடுக்கு ஒடிஞ்சு செத்துரும். இது திரும்பத் திரும்பக் கொட்டும். ஒண்ணு கொட்டுனா அந்த விஷ வாசத்துக்கே மத்ததும் கிளம்பி வந்துருமுங்க. நெறைய கொட்டுனா கிட்னியே போயிரும்."

கூடுதான் பொய். மற்றதெல்லாம் பாடத்தில் உள்ளது.

"அய்யோ சாமி! ராத்திரில தூங்குமா?"

"பெரும்பாலும் கூட்டுக்குள்ள அடங்கிருமுங்க."

"அப்ப இருட்டுனதும் உள்ள பூந்துக்கறோம்."

"சென்ட்டு, பவுடர் வாசம் ஆகாதுங்க."

"பூசல. போதுமா?"

ஜெஸிந்தா தடுமாறினாள். "பொட்டைதான் கொட்டுமுங்க. ஆணுக்குக் கொடுக்கே கெடையாது."

"எங்கூட்லயும் அப்படித்தான் கண்ணு. இந்த மனுசன் வாயத் தொறந்து ஒரு வார்த்தை பேசுனதுண்டா?"

"குளுரு முத்துனா கூடு தானா காலியாயிருமுங்க. அப்பறமா வந்தா..."

"அப்ப கிறிஸ்துமஸுக்கும் வந்தர்றோம். எதுக்கும் ஒரு போட்டோ அனுப்பு, பாக்கலாம்."

அடுத்த தெருவில் பூட்டிக் கிடந்த வீட்டின் விறகு ஷெட்டில் போன வருடத்துக் கூடு ஒன்று தொங்கிக்கொண்டிருந்தது. பூசணிக்காய் அளவு. மரத்தை மென்று காகிதமாக்கிக் கட்டிய கூட்டில் கதண்டுகள் மறுவருடம் குடியேறுவதில்லை என்பது ஜெஸிந்தாவுக்குத் தெரியும். இருந்தாலும் கண்ணை மூடிக்கொண்டுதான் பறித்தாள். கம்பியால் வாசல் கூரையில் கட்டி, படம் எடுத்து அனுப்பிவிட்டுப் புத்தகத்தைத் திறந்தாள்.

சாயங்காலம் வேலை முடிந்து வந்த பிரைட்டன் வாசலில் நிமிர்ந்து பார்த்தான். அப்படியே நின்ற இடத்தில் திரும்பி, சத்தமில்லாமல் கேட் வரைக்கும் நடந்து, அங்கிருந்து ஓடினான்.

"ஏனுங்க, நில்லுங்க! அதுல..." உண்மையைச் சொன்னால் அக்காவுக்குப் போய்விடும். ஜெஸிந்தா வாயை மூடிக்கொண்டாள்.

"நான் பேக்கரியிலயே படுத்துக்கறேன்! நீ பின்னால ஜன்னல் வழியா புழங்கு!" என்றது தெருமுனையிலிருந்து வந்த குரல்.

புருஷன் பயந்து ஓடினது கூட ஒரு விதத்தில் நல்லதுதான், படிக்கலாம் என்று அவள் நினைத்து முடிப்பதற்குள் போன் அடித்தது.

"தம்பி இப்பத்தான் பேசுனான்! உன்னத் தனியா உட்டுப்போட்டு ஓடிட்டானாமே? அழுவாத கண்ணு. நாளானிக்கு வரைக்கும் காத்திருக்க வேண்டாம், நாளைக்கு வெடியாலயே வந்தர்றோம்!"

மறுநாள் காலை கேட் முன்னால் வேன் நின்றது. ரெயின்கோட், ஹெல்மெட், அதற்கு மேல் கொசுவலை என்று அணிவகுத்து இறங்கியது குடும்பம். கடைசியாக வேதமுத்து இறங்கினார். கையில் நீளமான கம்பு. கம்பு நுனியில் மண்ணெண்ணெய்த் துணி.

"நீ தள்ளிக்க ஜெஸி! மாமா பத்த வெக்கட்டும்!" என்று வேனுக்குப் பின்னாலிருந்து கத்தினாள் தபித்தாள்.

துணி குப்பென்று பற்றியது. கூரைச் சட்டம் அத்தனையும் மரம். ஜெஸிந்தா பாய்ந்தாள். வெறுங்கையால் கூட்டைப் பிடித்து இழுத்தாள். அது அவள் கையிலேயே அப்பளம் போல நொறுங்கியது. பிள்ளைகள் வீலென்று அலறின. ஒரு பூச்சியும் பறக்கவில்லை.

வேதமுத்து கம்பை மண்ணில் குத்தி அணைத்தார். தபித்தாள் கொசுவலையைத் தூக்கிவிட்டு வந்தாள்.

"எங்க கண்ணு கதண்டு?"

ஜெஸிந்தாவின் தலையெல்லாம் காகிதத் தூள். முகம் சிவந்துவிட்டது.

"கதண்டே இல்லீங்க அண்ணி. ஞாயித்துக்கெழமை பரீச்சை. நீங்க வரவேண்டாம்னுதான் நானே கட்டி வெச்சேன்."

சொல்லியேவிட்டாள். வேதமுத்து மெல்ல ஹெல்மெட்டைக் கழற்றினார். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"இத மொதல்லயே சொல்லப்படாதா சாமி? எங்க யாருக்குமே இந்தக் குளுரு ஒத்துக்காது. ஒவ்வொரு தடவையும் நாங்க பஸ் ஏறறப்ப நீ தேம்பித் தேம்பி அழுவறதப் பாத்துப்போட்டு, புள்ள ஏங்கிப் போயிருமேன்னுதான் பல்லக் கடிச்சுட்டு வந்துட்டிருக்கறோம்!"